மயிலாப்பூரிலிருந்து ஜெர்மனிக்கு ஓர் ஓட்டு

இந்த வலைப்பூவில் நான் எழுதிய பயணங்களிலேயே மிகக் குறைந்த தூரம் இதுதான். மயிலாப்பூர், தி.நகர், அடையாறு, திரும்ப வீடு. எல்லாம் சேர்த்து பதினாறு கிலோமீட்டர் வரும். இதற்கெல்லாம் ஒரு பதிவா என்று கேட்பவர்கள் போன மாதம் போட்ட கூர்க் பதிவைப் படித்துக்கொள்ளலாம், அதில் அருவியெல்லாம் இருக்கிறது. இது வேறு ஆட்களுக்கு. வெளிநாட்டு பாஸ்போர்ட்டோடு சென்னையில் குடியிருப்பவர்கள், அவர்களுக்கு அக்கம்பக்கத்தில் இருந்துகொண்டு எல்லாவற்றுக்கும் கூடப் போகிற என்னைப் போன்றவர்கள், இவர்களுக்கு உபயோகப்படும் என்று எழுதுகிறேன்.

நாள் 2025 பிப்ரவரி 18, செவ்வாய்க்கிழமை. போனது நானும் ஹெல்கா அக்காவும். நான் தொலைபேசித் துறையில் முப்பது வருடம் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள், பெயர் வசந்தா, புதிதாக வாசிக்க வருபவர்களுக்காகச் சொல்கிறேன். ஹெல்கா அக்கா எங்கள் மாடி வீட்டுக்காரர். வயது எழுபது. கிழக்கு ஜெர்மனியில், லைப்சிக் பக்கத்துச் சின்ன ஊரில் பிறந்தவர். அச்சு இயந்திரம் பற்றிப் படிக்க அங்கே போன ஒரு மயிலாப்பூர்க்காரரைக் கல்யாணம் செய்துகொண்டு 1991-இல் இங்கே வந்தார். கணவர் போய்ச் சேர்ந்து ஆறு வருடம் ஆகிறது. புகுந்த வீட்டில் எல்லோரும் ‘ஆத்துல’, ‘பேசிண்டு’ என்று பேசுகிறவர்கள். ஹெல்கா அக்கா மட்டும் மீன்காரம்மாவிடமும் ஆட்டோ ஸ்டாண்டிலும் தமிழ் கற்றுக்கொண்டார். முதல் தீபாவளிக்கே மாமியாரைப் பார்த்து ‘இன்னா கீது சாப்ட’ என்று கேட்டாராம். அந்தக் கதையை அந்தக் குடும்பம் இன்னும் சொல்லிச் சிரிக்கிறது.

விஷயத்துக்கு வருகிறேன். அக்கா ஜெர்மன் பாஸ்போர்ட்டை விடவில்லை, அதனால் அங்கே நாடாளுமன்றத் தேர்தல் வந்தால் தபாலில் ஓட்டுப் போடுவார். அங்கே நான்கு வருடத்துக்கு ஒரு முறை, பெரும்பாலும் இலையுதிர் காலத்தில், நிதானமாகத் தேர்தல் வரும். இந்த முறை கூட்டணி உடைந்து, பிரதமர் பதவியில் இருப்பவர் நம்பிக்கை வாக்கெடுப்பில் தோற்று, குளிர்காலத்திலேயே வைத்துவிட்டார்கள். பிப்ரவரி 23, ஞாயிறு. வெளிநாட்டில் இருப்பவர்களுக்கு இதில் பெரிய சங்கடம். வேட்பாளர் பட்டியல் முடிவாகி வாக்குச்சீட்டு அச்சாகவே பிப்ரவரி ஆகிவிட்டது. அங்கிருந்து தபாலில் வந்து, இங்கே நிரப்பி, திரும்ப ஞாயிறு மாலை ஆறு மணிக்குள் அந்த ஊர் அலுவலகத்தில் போய் விழ வேண்டும். நமக்கு இரவு பத்தரை.

அக்காவின் வாக்குச்சீட்டு உறை செவ்வாய்க்கிழமை காலை பதினொன்று இருபதுக்கு வந்தது. கையில் ஐந்து நாள். ஜெர்மன் தூதரகத்தின் பையில் போட்டு அனுப்ப ஒரு வழி இருந்தது, ஆனால் அதற்கான கடைசி நாள் முந்தின வாரமே முடிந்திருந்தது. மிச்சம் இருந்தது கூரியர்தான்.

இது போனால் போகட்டும் என்று விடக்கூடிய ஓட்டும் இல்லை. வெளிநாட்டில் வாழும் ஜெர்மானியருக்கு, கடைசியாக ஜெர்மனியில் மூன்று மாதமாவது தொடர்ந்து வசித்து இருபத்தைந்து வருடத்துக்கு மேல் ஆகிவிட்டால் பொதுவாக உரிமை போய்விடும். அக்காவின் 1991 கணக்கு எப்போதோ முடிந்திருக்க வேண்டியது. 2009-இல் படுத்த படுக்கையாக இருந்த அம்மாவைப் பார்த்துக்கொள்ள ஏழு மாதம் அங்கே போய் இருந்தார், அதனால் கணக்கு புதுசாக ஓடுகிறது. “அம்மா எனக்கு விட்டுட்டுப் போனது இதான், வசந்தா. வீடு அண்ணனுக்கு, ஓட்டு எனக்கு” என்பார். அடுத்த தேர்தல் 2029. அப்போது அவருக்கு எழுபத்துநாலு. அதற்குள் என்னென்ன ஆகுமோ, யார் கண்டது.

உறையைப் பிரித்ததும் அக்கா என்னைக் கூடத்தில் உட்காரச் சொல்லிவிட்டு வாக்குச்சீட்டோடு ஸ்டோர் ரூமுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். வீட்டில் இருந்தது நாங்கள் இரண்டு பேர். அதில் ஒருத்திக்கு ஜெர்மன் தெரியாது. இருந்தாலும் கதவு சாத்தியாக வேண்டும். அரிசி டின்னுக்கும் பழைய பேப்பர் கட்டுக்கும் நடுவில் நின்று பத்து நிமிடம் ஓட்டுப் போட்டார். வெளியே வரும்போது சீட்டை உள் உறையில் போட்டு ஒட்டியே கொண்டுவந்தார். ‘நானேதான் குறியிட்டேன்’ என்ற உறுதிமொழி அட்டையில் கையெழுத்துப் போட்டு, அட்டையையும் உள் உறையையும் ஒரு சிவப்பு உறையில் வைத்து அதையும் ஒட்டினார். வழியில் பிரிந்துவிடக் கூடாதே என்று நான் போய் செல்லோடேப் எடுத்து வந்து நான்கு பக்கமும் நன்றாகச் சுற்றினேன். இந்தப் பயணத்தின் முதல் தப்பு அதுதான், செய்தது நான்.

ஒன்றேகாலுக்குக் கிளம்பினோம். லஸ் பக்கம் வீட்டிலிருந்து அறுநூறு மீட்டர் நடை, அங்கே ஒரு கூரியர் கடை. வெளிநாட்டுக்கு இங்கே எடுப்பதில்லை, தி.நகர் கிளைக்குப் போங்கள் என்று ஐந்து நிமிடத்தில் அனுப்பிவிட்டார்கள். ஒன்று ஐம்பதுக்கு லஸ்ஸில் 12B ஏறினோம். பெண்களுக்கு இலவசம், டிக்கெட் பூஜ்யம். பனகல் பார்க் வரை நாலரை கிலோமீட்டர், முப்பத்தைந்து நிமிடம். ஆழ்வார்பேட்டை சிக்னலில் மட்டும் எட்டு நிமிடம் நின்றது. மத்தியானம் என்பதால் உட்கார இடம் கிடைத்தது, காலையில் போகிறவர்கள் அதை எதிர்பார்க்க வேண்டாம்.

பஸ்ஸில் போகும்போது அக்காவிடம் கேட்டதும், பிறகு நானாகப் படித்ததும் சேர்த்து இங்கே கொஞ்சம் வரலாறு. பிடிக்காதவர்கள் அடுத்த பத்திக்குத் தாவலாம். ஜெர்மனி ஒரே நாடாகச் சேர்ந்த 1871-இல் முதல் தேசியத் தேர்தல் நடந்தது. இருபத்தைந்து வயது நிரம்பிய ஆண்களுக்கு மட்டும் ஓட்டு. பெண்கள் முதன்முதலாகப் போட்டது முதல் உலகப்போருக்குப் பிறகு, 1919 ஜனவரியில். அந்தக் குடியரசுக் காலத்தில் அறுபதாயிரம் ஓட்டுக்கு ஓர் இடம் என்று ஒரு கணக்கு வைத்திருந்தார்கள், அதனால் சின்னச் சின்னக் கட்சிகளெல்லாம் உள்ளே வந்தன, ஆட்சிகள் வந்த வேகத்தில் கவிழ்ந்தன. 1933-க்குப் பிறகு ஒரே கட்சி, ஒரே பட்டியல். போர் முடிந்து நாடு இரண்டானது. மேற்கே 1949-இல் புது நாடாளுமன்றத்துக்கு முதல் தேர்தல், ஆளுக்கு ஓர் ஓட்டு. 1953-இலிருந்து ஆளுக்கு இரண்டு ஓட்டு, தேசிய அளவில் ஐந்து சதவீதம் வாங்காத கட்சிக்குப் பொதுவாக இடமில்லை. 1957-இல் தபால் ஓட்டு வந்தது. நாங்கள் தூக்கிக்கொண்டு அலைந்த அந்தச் சிவப்பு உறையின் வம்சம் அங்கேதான் தொடங்குகிறது. 1970-இல் வயதைப் பதினெட்டாகக் குறைத்தார்கள். நாம் இங்கே பதினெட்டுக்கு இறங்க 1989 ஆகிவிட்டது, நான் முதல் ஓட்டுப் போட இருபத்தொன்று வரை காத்திருந்தவள் என்பதால் இது எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது.

கிழக்கே இருந்தவர்களின் கதை இதில் எதிலும் வரவில்லை. அது தி.நகரில்தான் எனக்குத் தெரிந்தது.

பனகல் பார்க்கிலிருந்து ஐந்து நிமிட நடையில் அந்தக் கூரியர் கிளை. ஏ.சி. உண்டு, டோக்கன் உண்டு. இரண்டரைக்குப் போய் இரண்டு ஐம்பதுக்கு எங்கள் எண் வந்தது. கவுன்டரில் நித்யா என்று ஒரு பெண், முப்பது வயதுக்குள் இருக்கும், சுறுசுறுப்பு. உறையைத் திருப்பிப் பார்த்தவுடன் தலையை ஆட்டினார்.

“சீல் பண்ண கவர் எடுக்க மாட்டோம் மேடம். ஓபன்ல கொண்டு வரணும். உள்ள என்ன இருக்குன்னு நாங்க பாத்துட்டு, நாங்களே ஒட்டுவோம்.”

எனக்கு அப்போதுதான் உறைத்தது. என் பையனுக்கு எத்தனை முறை வெளிநாட்டுக்கு சர்டிபிகேட் அனுப்பியிருக்கிறேன். ஒட்டாத கவரைத்தான் எடுத்துப் போக வேண்டும் என்பது இந்த ஊரில் கூரியர் அனுப்பிய யாருக்கும் தெரியும். எனக்கும் தெரியும். தெரிந்திருந்தும் டேப்பைச் சுற்றி எடுத்துப் போனேன்.

“இது ஓட்டும்மா. தெறக்கக் கூடாது” என்றார் அக்கா.

“சிவப்பு கவர் மட்டும் பிரிச்சாப் போதும் மேடம்.”

“உள்ள ஒரு கவர் கீது. அதுவும் ஒட்டிக்கீது.”

நித்யா யோசித்தார். உள்ளே போய் மேலதிகாரியிடம் பேசிவிட்டு வந்தார். உள் உறையையும் பார்த்தாக வேண்டும், இல்லையென்றால் ஏர்போர்ட்டிலிருந்து திருப்பி அனுப்பிவிட்டால் அவர் பதில் சொல்ல வேண்டும். அவர் பக்கம் தப்பில்லை. குரலைத் தாழ்த்தி, “எனக்கு ஜெர்மன் தெரியாது மேடம். யாருக்குப் போட்டீங்கன்னு பாத்தாலும் எனக்குப் புரியாது. ஒரு செகண்ட்தான், உடனே ஒட்டிக் குடுத்துடறேன். இன்னிக்கு ஆறரை வண்டியில போயிடும், வெள்ளிக்கிழமை டெலிவரி” என்றார்.

“பெருக்கல் குறி எல்லா பாஷையிலயும் ஒண்ணுதாம்மா” என்றார் அக்கா. கோபமாக இல்லை. உறையை எடுத்துத் துணிப்பையில் வைத்துக்கொண்டு, கிளை எத்தனை மணி வரை என்று கேட்டார். ஏழு மணி வரை.

வெளியே வந்து நான் சத்தம் போட்டேன். அந்தப் பெண் எவ்வளவு பதவிசாகச் சொல்கிறாள், ஒரு நொடி பிரித்து ஒட்டினால் என்ன குடி முழுகிவிடும், அங்கே இருப்பவன் பூதக்கண்ணாடி வைத்தா பார்க்கப் போகிறான் என்று கேட்டேன். அக்கா பக்கத்து ஓட்டலைக் காட்டினார். உள்ளே போய் உட்கார்ந்தோம். இரண்டு காபி எண்பது ரூபாய், காபி சுமார். அங்கேதான் சொன்னார். அவர் சொன்னபடியே தருகிறேன்.

“எங்க ஊர்லயும் எலெக்‌ஷன் வரும். பள்ளிக்கூடத்துலதான் வெப்பாங்க. உள்ள போனா ஒரு பேப்பர் குடுப்பாங்க. அதுல எல்லா பேரும் முன்னாடியே கீது. குறி போட ஒண்ணும் இல்ல. ரெண்டா மடிச்சு பெட்டியில போட்டா முடிஞ்சுது. ஓட்டு போடப் போறோம்னு நாங்க சொல்ல மாட்டோம். மடிக்கப் போறோம்னு சொல்லுவோம். மத்தியானம் வரைக்கும் வராதவங்க வீட்டுக்கு பெட்டியத் தூக்கிகினு வருவாங்க. புடிக்காத பேர அடிக்கணும்னா மூலையில ஒரு மறைப்பு இருக்கும். போலாம், தப்பில்ல, சட்டம் கீது. ஆனா எவனும் போவ மாட்டான். போனா, அவ இன்னாத்துக்கு அங்க போறான்னு ஒரு ஆள் எழுதிக்குவான்.”

“நீங்க போயிருக்கீங்களா?”

“எய்ட்டி ஒன்ல. நாங்க கல்யாணத்துக்கு மனு போட்டிருந்தோம். வெளிநாட்டுக்காரனக் கட்ட கவர்மென்ட் பர்மிஷன் வேணும். நான் பேப்பர வாங்கிகினு மறைப்பு பக்கமா ரெண்டு அடி வெச்சேன். மேஜையில உக்காந்திருந்தவர் எனக்கு நாலாம் கிளாஸ் வாத்தியார். என்னையத் தலை தூக்கிப் பாத்தாரு. ஒண்ணும் சொல்லல. சும்மா பாத்தாரு. நான் அங்கயே நின்னு மடிச்சு போட்டுட்டேன்.”

கிழக்கையும் மேற்கையும் பிரித்த சுவர் இடிந்தபின் 1990 மார்ச்சில் கிழக்கே முதல் சுதந்திரமான தேர்தல் நடந்தது, நூற்றுக்குத் தொண்ணூற்று மூன்று பேர் வந்து போட்டார்கள். அக்கா அன்றைக்கு மறைப்புக்குள் போய், குறியும் போட்டு முடித்து, சும்மா நின்றுகொண்டிருந்தாராம். வெளியே இருந்த பெண் உடம்புக்கு ஏதாவதா என்று கேட்கும் வரை நின்றாராம். அதே வருடம் டிசம்பரில் இணைந்த ஜெர்மனிக்கு முதல் நாடாளுமன்றத் தேர்தல். அதிலும் போட்டார். அடுத்த வருடம் மயிலாப்பூர்.

இதைக் கேட்டும் என் மனசு சமாதானம் ஆகவில்லை, அதையும் சொல்லிவிடுகிறேன். அது அங்கே, அப்போது. நித்யா யார், அந்த வாத்தியார் யார்.

தபால் நிலையத்திலும் விசாரித்தோம். அனுப்பலாம், ஒட்டிய கடிதம் என்பது ஒரு பிரச்சினையே இல்லை, ஆனால் ஞாயிற்றுக்குள் போகும் என்று சொல்ல முடியாது, ஒரு வாரம் பத்து நாள் ஆகலாம் என்றார்கள். அங்கே வரிசையில் நின்ற ஒருவர்தான் அடையாற்றில் ஒரு கடை இருக்கிறது, அவர் எல்லாக் கம்பெனிக்கும் ஏஜென்ட், கேட்டுப் பாருங்கள் என்று வழி சொன்னார். நாலு முப்பத்தைந்துக்கு ஆட்டோ பிடித்தோம். ஆறரை கிலோமீட்டர், இருநூற்று முப்பது கேட்டவர் நூற்றுத்தொண்ணூறுக்கு இறங்கினார். நந்தனம் சிக்னலில் வழக்கம்போல நின்றோம்.

ஓட்டுநர் பெயர் ஏழுமலை. நாங்கள் பேசிக்கொண்டு வந்ததைக் கேட்டுவிட்டு, “இன்னாமா, ஜெர்மன் ஓட்டா? அங்க எப்டி, மிஷினா சீட்டா?” என்றார்.

“சீட்டுதான் நைனா. ஆளுக்கு ரெண்டு ஓட்டு. ஒண்ணு தொகுதியில நிக்கிற ஆளுக்கு, ஒண்ணு கட்சிக்கு.”

“அப்ப ரெண்டு தபா துட்டு குடுப்பாங்களா?”

அக்கா சிரித்த சிரிப்பில் பக்கத்தில் பைக்கில் நின்றவர் திரும்பிப் பார்த்தார். பிறகு பொறுமையாக விளக்கினார். கட்சிக்கு விழும் இரண்டாவது ஓட்டுதான் பெரிசு. அதன் சதவீதப்படிதான் யாருக்கு எத்தனை இடம் என்று முடிவாகும். முன்பெல்லாம் தொகுதியில் அதிகம் ஜெயித்த கட்சிக்காக இடங்களைக் கூட்டிக்கொண்டே போனார்கள், சபை வீங்கி எழுநூறைத் தாண்டியது. இந்த முறையிலிருந்து அறுநூற்று முப்பதோடு சரி. அதனால் தொகுதியில் ஜெயித்தும் சிலருக்கு உள்ளே இடம் கிடைக்காமல் போகலாம்.

“ஜெயிச்சவனுக்கு சீட்டு இல்லியா? மெய்யாலுமா? நம்ம ஊர்ல சொன்னா பஸ்ஸ கொளுத்திடுவான்மா” என்று சொல்லிவிட்டு, கோட்டூர்புரம் திரும்பும் வரை ஏழுமலை அதையே நினைத்துத் தலையை ஆட்டிக்கொண்டு வந்தார்.

அடையாறு டெப்போவுக்கு முன்னால் ஒரு சந்தில் அந்தக் கடை. ஜெராக்ஸ், லேமினேஷன், கூரியர், ரீசார்ஜ் எல்லாம் எட்டுக்கு எட்டில். ஐந்தே காலுக்குப் போய்ச் சேர்ந்தோம். கடைக்காரர் சேவியர், நாற்பது நாற்பத்தைந்து வயது, கடலோரக் குப்பத்தில் வீடு. அப்பா அண்ணன் எல்லாம் கடலுக்குப் போகிறவர்கள், இவர் ஒருவர்தான் கரையில். உறையைக் கையில் வாங்கி இரண்டு பக்கமும் பார்த்தார்.

“போஸ்டல் பேலட்டு தானேக்கா இது? எங்க அக்கா டீச்சரு. எலெக்‌ஷன் வந்தா ட்யூட்டி போட்ருவாங்க, அவங்க ஓட்டு இப்டித்தான். கவருக்குள்ள கவரு, கையெழுத்து தனியா. இத்தத் தெறந்தா அப்பறம் இன்னாத்துக்கு?”

ஹெல்கா அக்கா என்னை ஒரு பார்வை பார்த்தார். நான் கடைக்கு வெளியே தொங்கிய சிப்ஸ் பாக்கெட்டைப் பார்த்தேன்.

சேவியர் போனில் பத்து நிமிடம் யாரிடமோ பேசினார். பாஸ்போர்ட் நகல் ஒன்று, உள்ளே இருப்பது தேர்தல் ஆவணம் மட்டும்தான் என்று கைப்பட ஒரு கடிதம், இரண்டும் கொடுத்தால் பிரிக்காமல் எடுத்துக்கொள்ள ஒரு கம்பெனி ஒத்துக்கொண்டது. ஆனால் அன்றைய வண்டி ஐந்து மணிக்கே போய்விட்டது. அடுத்தது மறுநாள் மாலை ஐந்துக்கு. அதுவும் பம்பாய் சுற்றித்தான் போகும்.

“சனிக்கிழமை போய் சேரும்க்கா. சேராமயும் போவலாம். கேரண்டி குடுக்க மாட்டேன், பொய் சொல்லி துட்டு வாங்க மாட்டேன்.”

மணி ஐந்தரை. தி.நகர் வண்டி ஆறரைக்கு. இப்போது ஆட்டோ பிடித்தால் ஆறே காலுக்குள் நித்யாவின் கவுன்டரில் நிற்கலாம். வெள்ளிக்கிழமை நிச்சயம் போய்ச் சேரும். நான் இதை ஒன்றுக்கு மூன்று முறை சொன்னேன். சனிக்கிழமை அங்கே அலுவலகம் திறந்திருக்குமா என்றுகூடத் தெரியாது, ஓட்டே எண்ணாமல் போனால் யாருக்கு லாபம் என்று கேட்டேன். கடைசியில், “ரகசியம் முக்கியமா, ஓட்டு முக்கியமா, அக்கா?” என்றேன்.

அக்கா சேவியரிடம் ஒரு பேனா கேட்டார். ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, லேமினேஷன் மெஷின் மேல் தாளை வைத்து அந்தக் கடிதத்தை எழுத ஆரம்பித்தார். கட்டணம் 2,950 ரூபாய், நகலுக்கு நான்கு ரூபாய் தனி.

திரும்ப அடையாற்றிலிருந்து மந்தைவெளி வரை பஸ், நாலு கிலோமீட்டர், அதுவும் இலவசம். நின்றுகொண்டே வந்தோம். எனக்குக் கோபம். வீட்டு வாசலில் அக்கா, “நாளைக்கு அடை சுடறேன், மேல வா” என்றார். சரி என்றேன்.

புதன்கிழமை இரவு எட்டு நாற்பதுக்கு உறை சென்னையை விட்டது. வியாழன் மாலை பம்பாய். வெள்ளிக்கிழமை முழுக்க அங்கேயே கிடந்தது. சனிக்கிழமை காலை பிராங்பர்ட் என்று போனில் டிராக்கிங் காட்டியதும் நான் மாடிக்கு ஓடிப்போய்ச் சொன்னேன். மாலைக்குள் அந்த ஊர்ப் பக்கத்துக் கிடங்குக்கு வந்துவிட்டது. அங்கிருந்து நகராட்சி அலுவலகம் எட்டு கிலோமீட்டர். ஞாயிறு பகல் முழுவதும் நாங்கள் இரண்டு பேரும் போனைப் பார்த்துக்கொண்டிருந்தோம். ஞாயிற்றுக்கிழமை கூரியர்காரர்களுக்கு விடுமுறை. திங்கட்கிழமை காலை 9.12-க்கு டெலிவரி ஆனது, கையெழுத்தும் வாங்கியிருந்தார்கள். பதினைந்து மணி நேரம் தாமதம்.

முடிவுகள் எல்லாம் பத்திரிகையில் வந்துவிட்டன. நூற்றுக்கு எண்பத்திரண்டரை பேர் ஓட்டுப் போட்டிருந்தார்கள், நாடு இணைந்த பிறகு இவ்வளவு பேர் வந்ததே இல்லை. தொகுதியில் ஜெயித்த இருபத்துமூன்று பேருக்கு இடம் கிடைக்கவில்லை, ஏழுமலைக்குச் சொல்ல வேண்டும். ஒரு புதுக் கட்சி 4.98 சதவீதம் வாங்கி, பத்தாயிரம் ஓட்டுக்கும் குறைவான வித்தியாசத்தில் வெளியே நின்றது. வெளிநாட்டில் இருப்பவர்களுக்குச் சீட்டு நேரத்துக்கு வரவில்லை என்று அங்கே பெரிய பேச்சானது. அக்கா யாருக்குப் போட்டார் என்று எனக்குத் தெரியாது. கேட்கவும் இல்லை, கேட்டாலும் சொல்ல மாட்டார்.

ஆனால் சண்டை போட்டேன். அன்றைக்கு நித்யாவிடம் கொடுத்திருந்தால் வெள்ளிக்கிழமையே போயிருக்கும் என்றேன். அலைந்தது, செலவு செய்தது, எல்லாம் எதற்கு என்றேன். அக்கா கீரை ஆய்ந்துகொண்டிருந்தார். நிறுத்தவில்லை.

“அங்க, அந்தக் காலத்துல, மூணு தபா மடிச்சு போட்டேன், வசந்தா. மூணையும் எண்ணுனாங்க. ஒண்ணுகூட என்னுது இல்ல. இத்த எண்ணல. வருத்தமா கீது. மெய்யாலுமே வருத்தமா கீது. ஆனா அந்தப் பொண்ணு முன்னாடி அத்தப் பிரிச்சிருந்தா, நான் மறுபடியும் வாத்தியார் முன்னாடி மடிச்சவ ஆயிருப்பேன்.”

எனக்கு இன்னும் முழுசாகச் சம்மதம் இல்லை. எண்ணப்படாத ஓட்டு என்பது என் கணக்கில் போடாத ஓட்டுதான். ஆனால் ஒன்றை நினைத்துப் பார்த்தேன். ஓட்டுச்சாவடியிலிருந்து வெளியே வந்ததும் என் வீட்டுக்காரர் ‘யாருக்குப் போட்ட?’ என்று கேட்பார், நானும் சொல்வேன். முப்பது வருடமாக அப்படித்தான். அவர் கேட்பது தப்பென்றோ, நான் சொல்லாமல் இருக்கலாம் என்றோ எனக்கு ஒருநாளும் தோன்றியதில்லை. இப்போது தோன்றுகிறது.

இதே வேலையாகக் கிளம்புகிறவர்களுக்குச் சில விஷயம். வாக்காளர் பட்டியலில் சேர்க்கச் சொல்லி ஒவ்வொரு தேர்தலுக்கும் தனித்தனியாக விண்ணப்பிக்க வேண்டும், தேர்தல் அறிவித்த வாரமே அதைச் செய்யுங்கள். தூதரகப் பையின் கடைசித் தேதியை முதலிலேயே கேட்டு வைத்துக்கொள்ளுங்கள், சீட்டு அதற்கு முன் வந்தால் அதுதான் நிம்மதி. கூரியர் என்றால் கிளம்பும் முன் நாலு கடைக்குப் போன் செய்து, ஒட்டிய உறையைப் பிரிக்காமல் எடுப்பார்களா, வண்டி எத்தனை மணிக்கு என்று இரண்டையும் கேளுங்கள். நாங்கள் முதலில் அடையாறு போயிருந்தால் அன்றைய வண்டியே கிடைத்திருக்கும், இதை நினைத்தால்தான் எனக்கு வயிறு எரிகிறது. பாஸ்போர்ட் நகல் இரண்டு கையில் இருக்கட்டும். குடையும் தண்ணீரும் நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. மொத்தச் செலவு: ஆட்டோ 190, காபி 80, கூரியர் 2,950, நகல் 4.

மார்ச் நடுவில் அந்த ஊர்த் தேர்தல் அலுவலகத்திலிருந்து அக்காவுக்குப் பதில் வந்தது. தன் உறை என்ன ஆயிற்று என்று அவர்தான் எழுதிக் கேட்டிருந்தார். வருந்துகிறோம், ஞாயிறு ஆறு மணிக்குப் பிறகு வந்தவற்றை எண்ண முடியாது, அவற்றையெல்லாம் கட்டி, சீல் வைத்து, அழிக்க அனுமதி வரும் வரை பத்திரமாக வைத்திருப்போம் என்று எழுதியிருந்தார்கள். அக்கா என்னை மேலே கூப்பிட்டு உட்கார வைத்து வரி வரியாகத் தமிழில் சொல்லிக்கொண்டு வந்தார். கடைசி வரிக்கு வந்ததும் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு, அதை மட்டும் இரண்டு முறை சொன்னார்: “உங்க கவர யாரும் தெறக்கல.”